செத்துப் பிழைத்த நட்சத்திரம்

நடிகர்களின் பெயரை யாரும் வெளியே சொல்லாத காலத்தில், சம்பளத்துக்காக மல்லுக்கட்டிய ஃப்ளோரன்ஸ் லாரன்ஸ்

1910 மார்ச் 12. அமெரிக்க சினிமாக்காரர்கள் வாராவாரம் படிக்கும் ‘மூவிங் பிக்சர் வேர்ல்டு’ பத்திரிகையில் ஒரு விளம்பரம். அதில் ஓர் இளம்பெண்ணின் புகைப்படம். இந்த நடிகை டிராம் மோதிச் செத்துப்போனதாக செயின்ட் லூயிஸ் நகரத்துப் பத்திரிகைகளில் யாரோ செய்தி கிளப்பிவிட்டிருக்கிறார்கள், அது பச்சைப் பொய், எங்கள் கம்பெனியைப் பிடிக்காதவர்கள் பார்த்த வேலை, அம்மணி குத்துக்கல்லாட்டம் இருக்கிறார், அடுத்த படத்தில் நடித்துக்கொண்டும் இருக்கிறார் என்பது அதன் சாரம்.

விளம்பரம் கொடுத்தவர் கார்ல் லேம்லி. வதந்தியைக் கிளப்பியவரும் அவரேதான் என்பது சினிமா வரலாற்றாசிரியர்கள் பெரும்பாலோரின் முடிவு. சாகடித்தவரே உயிரும் கொடுத்தார். இரண்டுக்கும் நடுவே, அதுவரை பொதுமக்களுக்குத் தெரியாமலிருந்த ஒரு பெயர் ஊரெங்கும் பரவியது: ஃப்ளோரன்ஸ் லாரன்ஸ்.

உயிரோடிருக்கும் நடிகர்களுக்கு யூடியூப் சேனல்கள் மாதம் ஒருமுறை கண்ணீர் அஞ்சலி போடுகின்றன. ‘சற்றுமுன்’ என்று சிவப்பு எழுத்தில் போட்டு, கறுப்பு வெள்ளையில் ஒரு படத்தை ஒட்டி, உள்ளே போனால் ஒன்றும் இருக்காது. ‘காலம் கெட்டுப்போச்சு’ என்று அதற்காக நொந்துகொள்கிறோம். இந்த வியாபாரத் தந்திரத்துக்கு வயது நூறைத் தாண்டிவிட்டது. சினிமா நட்சத்திரம் என்ற ஒன்று பிறந்ததே இப்படியொரு பொய்ச் சாவில்தான் என்று சொல்கிறவர்கள் இருக்கிறார்கள்.

லாரன்ஸின் கதையை வழக்கமாக ஒரே மாதிரிதான் சொல்வார்கள். தந்திரக்கார முதலாளி அப்பாவிப் பெண்ணை நட்சத்திரமாக்கினார், தொழில் அவரைச் சக்கையாகப் பிழிந்து எறிந்தது என்று. பின்பாதி உண்மை. முன்பாதியில் எனக்கு உடன்பாடில்லை. லேம்லியின் வாசலுக்கு வருவதற்கு முன்பே தன் உழைப்புக்கு என்ன விலை என்று தெரிந்தவர் லாரன்ஸ். கம்பெனி விட்டுக் கம்பெனி அவர் மாறிய ஒவ்வொரு முறையும் பின்னால் ஒரு சம்பளக் கணக்கு இருந்தது. அந்தக் கணக்கைப் பிடித்துக்கொண்டு போனால்தான் இந்தப் பெண்மணி யாரென்று புரிகிறது.

விசிலடிக்கும் குழந்தை

1886 ஜனவரி 2. கனடாவின் ஆன்டாரியோ மாகாணத்து ஹாமில்டன் நகரில் பிறந்தார். பிறந்தபோது வைத்த பெயர் ஃப்ளோரன்ஸ் ஆனி பிரிட்ஜ்வுட். அப்பா ஜார்ஜ் பிரிட்ஜ்வுட் குதிரை வண்டி கட்டும் தொழில் பார்த்தவர். அம்மா ஷார்லட், மேடையில் லாட்டா லாரன்ஸ். சொந்தமாக ஒரு நாடகக் கம்பெனி வைத்து ஊர் ஊராகப் போய்க்கொண்டிருந்தவர். பெண்ணொருத்தி முதலாளியாக இருந்து நாடகக் கம்பெனி நடத்துவது அன்றைக்கு அமெரிக்காவிலும் சாதாரணம் இல்லை. நம்மூர் பாலாமணி அம்மாளின் ஞாபகம் வந்தால் தப்பில்லை.

அம்மாவின் மேடையிலேயே குழந்தையும் ஏறியது. ‘பேபி ஃப்ளோ, விசிலடிக்கும் அதிசயக் குழந்தை’ என்று விளம்பரம் செய்தார்கள். ஆட்டம், பாட்டு, விசில் மூன்றும் உண்டு. நடக்கப் பழகிய கையோடு சம்பாதிக்கவும் தொடங்கிவிட்ட குழந்தை என்று சொல்லலாம். பெற்றோர் பிரிந்து வாழ்ந்தார்கள். 1898இல் அப்பா நிலக்கரி வாயு கசிந்து இறந்துபோனார். அம்மாவும் மகளும் பஃபலோ நகரம், பிறகு மறுபடி நாடகம், மறுபடி ஊர்ச்சுற்றல் என்று அலைந்து, கடைசியில் 1906இல் நியூயார்க் வந்து சேர்ந்தார்கள். அங்கே மேடை வாய்ப்பு கேட்டு ஏறி இறங்கியதில் பெரிதாக ஒன்றும் தேறவில்லை.

நம் பக்கத்தில் அந்த நேரத்தில் சாமிக்கண்ணு வின்சென்ட், பிரெஞ்சுக்காரர் டூபாண்டிடம் வாங்கிய புரொஜெக்டரையும் ஏசுநாதர் படத்தையும் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகக் கொட்டகை போட்டுக்கொண்டிருந்தார். சினிமா என்பது எங்குமே இன்னும் திருவிழாச் சாமான்தான். மேடை நடிகர்கள் அதை மட்டமாகத்தான் பார்த்தார்கள். வாய் திறந்து வசனம் பேச முடியாத இடத்தில் நடிகனுக்கு என்ன வேலை?

குதிரை ஏறத் தெரியுமா?

1907இல் எடிசன் கம்பெனி எடுத்த ‘டேனியல் பூன்’ படத்தில் லாரன்ஸுக்கு வேலை கிடைத்தது. காரணம் நடிப்பில்லை. குதிரை ஏறத் தெரியும், அவ்வளவுதான். அம்மாவுக்கும் ஒரு சின்ன வேஷம். கடுங்குளிரில் வெட்டவெளியில் இரண்டு வாரம் படப்பிடிப்பு. நாளுக்கு 5 டாலர். இந்த எண்ணை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். ஏழு வருஷம் கழித்து, 1914இல், தன் தொழிலாளிகளுக்கு நாள் சம்பளம் 5 டாலர் என்று ஹென்றி ஃபோர்டு அறிவித்தபோது உலகமே வாயைப் பிளந்தது.

ஆனால் அந்த 5 டாலர் தினமும் வராது. படம் இருந்தால் உண்டு, இல்லாவிட்டால் பட்டினி. அதனால் வைட்டாகிராஃப் கம்பெனி வாரம் 20 டாலர் நிரந்தரச் சம்பளம் என்றதும் போய்ச் சேர்ந்தார். அங்கே ஒரு நிபந்தனை. நடிக்காத நேரத்தில் உட்கார்ந்து நடிகர்களுக்கு உடை தைக்க வேண்டும். காலையில் ஊசி நூல், மதியம் ஜூலியட். வேடிக்கைக்குச் சொல்லவில்லை. 1908இல் வைட்டாகிராஃப் எடுத்த ‘ரோமியோ அண்ட் ஜூலியட்’டில் ஜூலியட் அவர்தான்.

ஒரு படம் என்றால் ஒரு ரீல், அதாவது பத்துப் பதினைந்து நிமிடம். ஓரிரு நாளில் எடுத்து முடித்து அடுத்ததுக்குப் போய்விடுவார்கள். திரையில் கம்பெனியின் பெயர் வரும், அதன் முத்திரை வரும். நடிகர் பெயர் மட்டும் வராது. இதற்கு இரண்டு தரப்பிலும் காரணம் இருந்தது. நாடக நடிகர்கள் பலருக்கு சினிமாவில் நடிப்பது தெரிந்தால் வெட்கம். முதலாளிகளுக்கோ பயம். பெயர் தெரிந்தால் ரசிகன் வருவான், ரசிகன் வந்தால் நடிகன் சம்பளம் கேட்பான். இரண்டாவது காரணம்தான் வலுவானது என்று நினைக்கிறேன். வெட்கப்பட்டவர்களைக் காட்டி, வெட்கப்படாதவர்களின் பெயரையும் முதலாளிகள் மறைத்துக்கொண்டார்கள்.

14ஆம் தெரு வீடு

நியூயார்க்கில் கிழக்கு 14ஆம் தெரு, 11ஆம் எண். பழைய பணக்கார வீடொன்றை வாடகைக்குப் பிடித்து பயோகிராஃப் கம்பெனி ஸ்டூடியோவாக மாற்றியிருந்தது. அங்கே 1908இல் டைரக்டர் நாற்காலியில் புதிதாக உட்கார்ந்தவர் டி.டபிள்யூ. கிரிஃபித். குதிரைச் சவாரி தெரிந்த கதாநாயகி ஒருவரைத் தேடிக்கொண்டிருந்தார். வைட்டாகிராஃப் படமொன்றில் பார்த்த பொன்னிற முடிப் பெண் பிடித்துப்போயிற்று. படத்தில்தான் பெயர் இல்லையே, ரகசியமாக விசாரித்துத்தான் யாரென்று கண்டுபிடிக்க வேண்டியிருந்தது. பயோகிராஃபில் இருந்த நடிகர் ஹாரி சால்ட்டர் நடுவில் நின்று பேசிமுடித்தார். வாரம் 25 டாலர், நடிப்பு மட்டும், தையல் கிடையாது. 5 டாலர் கூடுதல் என்பதைவிட ஊசியைக் கீழே வைத்ததுதான் அவருக்குப் பெரிய பதவி உயர்வாக இருந்திருக்கும்.

அதே வருஷம் சால்ட்டரையே கல்யாணம் செய்துகொண்டார். 1908இல் கிரிஃபித் எடுத்த சுமார் 60 படங்களில் பெரும்பாலானவற்றில் லாரன்ஸ் இருக்கிறார். பணக்காரப் பெண்ணாக ஒன்றில், செவ்விந்தியப் பெண்ணாக இன்னொன்றில், ஷேக்ஸ்பியரின் அடங்காப்பிடாரியாக வேறொன்றில்.

‘தி சாங் ஆஃப் தி ஷர்ட்’ என்ற படத்தில் ஏழைத் தையல்காரி வேஷம். படுக்கையில் நோயாளித் தங்கை. கூலிக்குத் தைத்துக் கொடுத்த துணியில் குற்றம் கண்டுபிடித்துத் திருப்பி அனுப்புகிறார்கள். அவள் இங்கே ஊசியோடு குனிந்திருக்க, அங்கே முதலாளி ஹோட்டலில் தின்று களிப்பதை மாற்றி மாற்றிக் காட்டுகிறார் கிரிஃபித். சில மாதம் முன்புவரை சம்பளத்துக்குத் தைத்துக்கொண்டிருந்தவரைத்தான் நாம் திரையில் பார்க்கிறோம். கொஞ்சம் மிகையான நடிப்புதான். கைகளை வானத்துக்குத் தூக்குவது, நெஞ்சில் அடித்துக்கொள்வது எல்லாம் உண்டு. அன்றைய மேடைப் பழக்கம் அது.

அவருடைய உண்மையான பலம் நகைச்சுவையில். ஜோன்ஸ் தம்பதி என்று ஒரு வரிசைப் படங்கள் வந்தன. கணவராக ஜான் காம்ப்சன், குண்டு மனிதர். மனைவியாக லாரன்ஸ். சினிமாவின் முதல் நகைச்சுவைத் தொடர் என்றே இதைச் சொல்கிறார்கள். அதில் 1909இல் வந்த ‘ஹர் ஃபர்ஸ்ட் பிஸ்கட்ஸ்’ என்னுடைய விருப்பம். மனைவி முதல்முறையாக வீட்டில் பிஸ்கட் சுடுகிறாள். கணவன் ஒரு வாய் கடிக்கிறான், முகம் மாறுகிறது, ஆனால் சொல்ல முடியுமா? புதுப் பெண்டாட்டி எதிரில் நின்று வாயைப் பார்த்துக்கொண்டிருக்கிறாளே! விஷயம் அதோடு நிற்பதில்லை. பிஸ்கட் கணவனின் ஆபீசுக்குப் போகிறது. அங்கே வேலை தேடி வந்த நடிகர்கள் ஆளுக்கொன்று எடுத்துத் தின்று, வரிசையாக வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருள்கிறார்கள். இத்தனை கூத்துக்கும் நடுவே தன் கைப்பக்குவத்தில் ஒரு துளி சந்தேகமும் வராத முகத்தோடு லாரன்ஸ் உலவுவதில்தான் சிரிப்பே இருக்கிறது.

பிஸ்கட் தின்று சுருண்ட கூட்டத்தில் ஒரு பதினேழு வயதுப் பெண்ணும் இருக்கிறாள். மேரி பிக்ஃபோர்டு. லாரன்ஸ் விட்டுப்போன இடத்தில் வந்து உட்கார்ந்து, உலகப் புகழ் அடையப்போகிறவள்.

டால்ஸ்டாயின் ‘புத்துயிர்ப்பு’ நாவலைச் சுருக்கி எடுத்த படம் பெரிய வெற்றி. கொட்டகைக்காரர்கள் வழியாகவும் நேராகவும் ரசிகர்கள் கடிதம் எழுதத் தொடங்கினார்கள். அந்தப் பெண்ணின் பெயர் என்ன? கம்பெனி வாயைத் திறக்கவில்லை. ரசிகர்கள் தாங்களே ஒரு பெயர் வைத்துக்கொண்டார்கள். ‘பயோகிராஃப் கேர்ள்’. நடிகையின் முகத்துக்குக் கம்பெனியின் பெயர்! முதலாளிக்கு இதைவிட வசதி வேறென்ன வேண்டும்?

லாரன்ஸ் சும்மா இருக்கவில்லை. பெயர் தராவிட்டால் போகட்டும், பணம் தா என்றார். சம்பளத்தை உயர்த்தச் சொல்லிக் கேட்டு வாங்கினார். அதுவும் மற்றவர்களுக்குக் கொடுப்பதைப்போல இரண்டு மடங்கு. பிறகு கணவனும் மனைவியுமாகச் சேர்ந்து எஸ்ஸனே கம்பெனிக்கு ஒரு கடிதம் எழுதினார்கள்: ஒருவர் கதாநாயகி, ஒருவர் டைரக்டர், எங்களுக்கு அங்கே இடமுண்டா? எஸ்ஸனே பதில் எழுதவில்லை. கடிதத்தைக் கொண்டுபோய் பயோகிராஃப் தலைமை அலுவலகத்தில் கொடுத்துவிட்டது. இருவருக்கும் உடனே சீட்டுக் கிழிந்தது.

போட்டிக் கம்பெனி ஏன் காட்டிக்கொடுத்தது என்று கேட்கலாம். அவை போட்டிக் கம்பெனிகளே இல்லை. 1908 டிசம்பரில் எடிசன் தலைமையில் பயோகிராஃப், வைட்டாகிராஃப், எஸ்ஸனே, லூபின் போன்ற பெரிய கம்பெனிகள் எல்லாம் கூட்டுச் சேர்ந்து, காப்புரிமைகளை ஒன்றாகப் போட்டு ஒரு டிரஸ்ட் அமைத்திருந்தன. கேமரா அவர்களுடையது. புரொஜெக்டர் வைத்திருக்கும் கொட்டகைக்காரர் வாரம் 2 டாலர் கப்பம் கட்ட வேண்டும். கச்சா ஃபிலிம் விற்கும் ஈஸ்ட்மன் கோடக்கும் அவர்கள் பக்கம். ஒரு கம்பெனியில் தகராறு என்றால் ஊரோடு விலக்கிவைத்த மாதிரிதான்.

லேம்லியின் நாடகம்

அந்தக் கூட்டுக்கு அடங்காதவர் ஒருவர் இருந்தார். ஜெர்மனியின் லாப்ஹைம் ஊரில் பிறந்து, பிழைக்க வந்து, விஸ்கான்சின் மாநிலத்தில் துணிக்கடை மேனேஜராக இருந்து, 1906இல் சிகாகோவில் சின்னக் கொட்டகை திறந்த கார்ல் லேம்லி. டிரஸ்டோடு சண்டை போட்டுக்கொண்டு சொந்தமாகப் படமெடுக்கத் தொடங்கியிருந்தார். கம்பெனி பெயர் சுருக்கமாக ‘இம்ப்’. வழக்கு மேல் வழக்காக வந்து விழுந்துகொண்டிருந்தது. ஊருக்கெல்லாம் தெரிந்த முகம் ஒன்று அவருக்கு அவசரமாகத் தேவைப்பட்டது. முகம் லாரன்ஸிடம் இருந்தது. அவருக்குத் தேவைப்பட்ட வேலையும் பெயரும் லேம்லியிடம் இருந்தன. 1909இல் லாரன்ஸும் சால்ட்டரும் இம்ப்பில் சேர்ந்தார்கள்.

பிறகுதான் அந்த டிராம் விபத்துக் கதை, மறுப்பு விளம்பரம், தொடர்ந்து செயின்ட் லூயிஸ் பயணம். அந்த ஊரை ஏன் தேர்ந்தெடுத்தார்கள்? லாரன்ஸுக்கு ஜோடியாக நடித்த கிங் பேகட் பிறந்த ஊர் அது. கூட்டத்துக்குப் பஞ்சமிருக்காது. 1910 மார்ச் கடைசியில் இருவரும் ரயிலில் போய் இறங்கினார்கள். ஜனம் நெருக்கியடித்தது. ரசிகர்கள் அவருடைய கோட்டுப் பொத்தான்களைப் பிய்த்துக்கொண்டு போனார்கள் என்று சொல்வார்கள். மேடையில் புகழ் வாங்காத, அரசியலில் இல்லாத, திரையில் மட்டுமே பார்த்த ஒரு முகத்துக்காக ஜனங்கள் ஸ்டேஷனில் காத்திருந்தது அன்றைக்குப் புதுசு. இரண்டு வருஷத்துக்குச் சற்று முன்பு உடை தைத்துக்கொண்டிருந்த கைகள் அவருடையவை.

‘உலகின் முதல் சினிமா நட்சத்திரம்’ என்று அவரைச் சொல்வதில் தகராறு உண்டு. பிரான்சில் மாக்ஸ் லிண்டர் பெயரோடு பிரபலமாகிக்கொண்டிருந்தார். வைட்டாகிராஃபில் இன்னொரு ஃப்ளோரன்ஸ், ஃப்ளோரன்ஸ் டர்னர் இருந்தார். வேறு சில கம்பெனிகளும் அதே சமயத்தில் நடிகர் பெயர்களை வெளியிடத் தொடங்கியிருந்தன. லேம்லி கதவை உடைக்கவில்லை, திறந்துகொண்டிருந்த கதவை எல்லோருக்கும் கேட்கிற மாதிரி தள்ளினார் என்பதே சரி. ‘முதல்’ என்ற பட்டத்தை யாருக்குக் கொடுத்தாலும் எனக்கு வருத்தமில்லை. சினிமாவில் பெயர் ஒரு சரக்கு என்று தெரிந்துபோன தருணம் எது என்று கேட்டால் இதைத்தான் சொல்வேன்.

இம்ப்பில் ஒரு வருஷம்கூட அவர் தங்கவில்லை. பதினொரு மாதத்தில் சுமார் 50 படம் நடித்துவிட்டுக் கிளம்பிவிட்டார். லேம்லி உருவாக்கிய பொம்மையாக இருந்திருந்தால் இப்படிக் கிளம்பியிருப்பாரா? அவர் போனதும் லேம்லி பயோகிராஃபிலிருந்து மேரி பிக்ஃபோர்டைத் தூக்கிவந்தார், வாரம் 175 டாலருக்கு.

சொந்தக் கம்பெனி, ரோஜாத் தோட்டம்

பிலடெல்பியாவில் லூபின் கம்பெனிக்காக ஆர்தர் ஜான்சனோடு 48 படங்கள். அதன் பிறகு 1912இல் வந்தது உச்சம். லேம்லியின் ஒத்துழைப்போடு லாரன்ஸும் சால்ட்டரும் விக்டர் என்ற சொந்தக் கம்பெனியைத் தொடங்கினார்கள். நியூஜெர்சியின் ஃபோர்ட் லீயில் ஸ்டூடியோ. அமெரிக்காவில் சொந்தப் பட நிறுவனம் வைத்த முதல் நடிகைகளில் ஒருவர் அவர். கதாநாயகி லாரன்ஸுக்கு வாரம் 500 டாலர், டைரக்டர் சால்ட்டருக்கு 200. வீட்டில் யார் கை ஓங்கியிருந்தது என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம்.

நியூஜெர்சியிலேயே ரிவர் வேல் என்ற இடத்தில் 50 ஏக்கர் பண்ணை வாங்கினார். ரோஜா வளர்த்தார். வீட்டுக்குள் அமைதி இல்லை. மாமியாரைப் பற்றி சால்ட்டர் சொன்ன வார்த்தைகளில் சண்டை முற்றி, அவர் ஐரோப்பாவுக்குக் கப்பலேறி, அங்கிருந்து சோகக் கடிதங்கள் எழுதி, திரும்பி வந்து சமாதானமானார். அடுத்து நடிப்பிலிருந்து ஓய்வு பெறப்போவதாக லாரன்ஸ் அறிவித்தார். வயது அப்போது இருபத்தாறு.

சம்பாதித்த பணத்தில் அவர் ஆசையாக வாங்கியது கார். ஓட்டியதும் அவரே. பெண்கள் கார் ஓட்டுவதே அபூர்வமான அந்நாளில் காரின் வயிற்றைத் திறந்து பார்க்கிற ஆளாக இருந்தார். வளைவில் திரும்புவதைப் பின்னால் வருகிறவனுக்குச் சொல்ல அப்போது கையை வெளியே நீட்டுவதைத் தவிர வழியில்லை. லாரன்ஸ் ஒரு பொறி செய்தார். பொத்தானை அமுக்கினால் காரின் பின்பக்கம் ஒரு கை எழுந்து, எந்தப் பக்கம் திரும்புகிறோம் என்று காட்டும். பிரேக்கை மிதித்தால் ‘நிற்கிறேன்’ என்று ஒரு பலகை எழும். 1914 வாக்கில் செய்தது இது. இன்றைய இண்டிகேட்டருக்கும் பிரேக் லைட்டுக்கும் மூத்த தலைமுறை.

அம்மா மட்டும் சளைத்தவரா? மழையில் கண்ணாடி துடைக்கும் வைப்பரை மின்சாரத்தில் ஓடவைத்து 1917இல் காப்புரிமை வாங்கினார் ஷார்லட் பிரிட்ஜ்வுட். அதை விற்கச் சொந்தக் கம்பெனியும் தொடங்கினார். வியாபாரம் எடுபடவில்லை. காப்புரிமையும் காலாவதியாயிற்று. பிற்பாடு கார் கம்பெனிகள் வைப்பரை எல்லா வண்டியிலும் பொருத்தியபோது அம்மாவுக்குச் சல்லிக்காசு வரவில்லை. மகள் அந்த அளவுக்குக்கூடப் போகவில்லை. தன் பொறிகளுக்குக் காப்புரிமை கேட்டு விண்ணப்பிக்கவே இல்லை. சம்பளத்தில் ஒரு டாலர் விட்டுக்கொடுக்காதவர், காப்புரிமைகளை வைத்தே சினிமாத் தொழிலை ஆட்டிப்படைத்த ஒரு கூட்டத்தால் அடிபட்டவர், இதில் ஏன் கோட்டைவிட்டார்? நடிப்பைத் தொழிலாகவும் இதைப் பொழுதுபோக்காகவும் நினைத்திருப்பார் என்றுதான் எனக்குப் படுகிறது.

தீ

ஓய்வு நிலைக்கவில்லை. விக்டர் கம்பெனியை லேம்லியின் யுனிவர்சல் எடுத்துக்கொண்டது. 1914இல் லாரன்ஸை வற்புறுத்தி நடிக்க அழைத்துவந்தார்கள். ‘பான்ஸ் ஆஃப் டெஸ்டினி’ படப்பிடிப்பில் காட்சிக்காக மூட்டிய தீ கைமீறிப்போயிற்று. உடலில் தீப்புண், முடி கருகியது, விழுந்ததில் பலத்த அடி. படப்பிடிப்பில் பாதுகாப்பு ஏற்பாடுகள் பெரிதாக இல்லாத காலம். சிகிச்சைச் செலவைத் தர யுனிவர்சல் மறுத்துவிட்டது. அந்தக் காட்சியில் நடிக்கச் சொன்ன சால்ட்டர்மேல் அவருக்கு இருந்த கசப்பு கடைசிவரை ஆறவில்லை. இருவரும் பிரிந்தார்கள்.

1916இல் யுனிவர்சலுக்கே திரும்பிவந்து ‘எல்யூசிவ் இசபெல்’ படத்தை முடித்துக்கொடுத்தார். முடித்ததும் விழுந்தவர் நாலு மாதம் கைகால் அசைக்க முடியாமல் கிடந்தார்.

எந்த வருஷம் என்று பாருங்கள். 1916இல்தான் சாப்ளினுக்கு மியூச்சுவல் கம்பெனி வாரம் 10,000 டாலரும், கையெழுத்துப் போட்டதற்கே 1,50,000 டாலரும் கொடுத்தது. மேரி பிக்ஃபோர்டும் அதே வருஷம் வாரம் 10,000 டாலருக்கு ஒப்பந்தம் போட்டார். நடிகன் பெயருக்கு விலை உண்டு என்று முதலாளிகளுக்கு உறைக்கவைத்தவர்களில் முன்வரிசையில் நின்ற பெண், அந்த விலை ஏறிய நேரத்தில் படுக்கையில் இருந்தார். ஒரு ரீல் படங்கள் போய் முழுநீளப் படங்கள் வந்துவிட்டன. தொழிலும் நியூஜெர்சியைக் காலிசெய்துகொண்டு கலிஃபோர்னியாவுக்குப் போய்விட்டது.

1920இல் சால்ட்டர் இறந்தார். மறுவருஷம் லாரன்ஸ் ஹாலிவுட் போய், கார் விற்பனையாளர் சார்லஸ் வுட்ரிங்கை மணந்தார். ஒரு சுமாரான படத்தில் கதாநாயகி, பிறகு துணை வேஷங்கள், 1924க்குப் பிறகு பெயரில்லாத சின்னச் சின்ன வேஷங்கள். மறுபடியும் பெயர் போடாத நடிகை. கணவரோடு சேர்ந்து ஒப்பனைப் பொருள் கடை நடத்தினார். 1929இல் அம்மா போனார். அந்த வருஷமே பங்குச் சந்தையும் விழுந்தது. கடை, கல்யாணம் இரண்டும் நிலைக்கவில்லை. 1933இல் செய்த மூன்றாவது கல்யாணம் சில மாதங்களில் முறிந்தது. அடிக்கிற புருஷன்.

1936இல் எம்.ஜி.எம். ஸ்டூடியோ பழைய நட்சத்திரங்கள் சிலருக்குக் கூட்டத்தில் நிற்கிற வேலை கொடுத்தது. வாரம் 75 டாலர். அந்தப் பட்டியலில் லாரன்ஸும் இருந்தார். இதைப் பிச்சை என்று எழுதியவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. கூப்பிட்ட நேரத்துக்குப் போய், சொன்ன இடத்தில் நின்று, வேலை பார்த்து வாங்கிய கூலி அது. ஐந்து வயதுக்குள் மேடையேறியவருக்கு வேலை பார்த்துக் கூலி வாங்குவது புதிதில்லை.

எலும்பு மஜ்ஜையைத் தின்னும் நோய் ஒன்று அவருக்கு வந்திருந்தது. அன்றைக்கு அதற்கு மருந்தில்லை. வலியும் மனச்சோர்வும் சேர்ந்துகொண்டன. 1938 டிசம்பர் 28 அன்று தன் உயிரை மாய்த்துக்கொண்டார். வயது 52. அந்தக் குளிர்காலத்தில் அமெரிக்கக் கடைகளுக்கு வந்திருந்த 1939 மாடல் பியூக் காரில் திரும்பும் திசையைக் காட்ட மின்விளக்கு பொருத்தியிருந்தார்கள்.

காகிதம் காப்பாற்றியது

ஏறத்தாழ 300 படங்களில் நடித்தவர். அவற்றில் மிஞ்சியவை எவை என்று பார்த்தால் விதியின் கோணல் தெரிகிறது. 1912 வரை அமெரிக்கச் சட்டத்தில் சினிமாவுக்குத் தனிப் பதிப்புரிமை கிடையாது. புகைப்படத்துக்கு உண்டு. அதனால் சில கம்பெனிகள் படம் முழுவதையும் நீளமான புகைப்படக் காகிதச் சுருளில் அச்சடித்து வாஷிங்டனில் உள்ள காங்கிரஸ் நூலகத்தில் ஒப்படைத்தன. பயோகிராஃப் இதில் கறார். பல பத்தாண்டு கழித்து கெம்ப் நைவர் என்பவர் அந்தக் காகிதச் சுருள்களைக் கட்டம் கட்டமாக மறுபடி ஃபிலிமில் பிடித்தார். அதற்காக 1955இல் அவருக்குச் சிறப்பு ஆஸ்கர் கொடுத்தார்கள்.

டிரஸ்டுக்கு வெளியே எடுத்த இம்ப், விக்டர் படங்களில் பெரும்பாலானவை போய்விட்டன. நைட்ரேட் ஃபிலிம் தானே மக்கும், தானே எரியும். மிச்சமிருந்த மௌனப் படங்களில் பெரும்பாலானவற்றை 1948இல் யுனிவர்சலே அழித்துவிட்டது. ஃபிலிமிலிருந்து வெள்ளியை எடுக்கலாம், வைத்திருந்தால் இடம்தான் அடைக்கும் என்பது கணக்கு. ஆக, அவருடைய பெயரை மறைத்த கம்பெனியின் படங்களில்தான் பெரும்பாலும் இன்று அவரைப் பார்க்க முடிகிறது. பெயரைப் பறைசாற்றிய கம்பெனியின் படங்களில் பலவற்றுக்குப் பெயர் மட்டும்தான் மிச்சம்.

ஹாலிவுட் கல்லறைத் தோட்டத்தில் அவரைப் புதைத்த இடத்தில் 53 வருஷம் அடையாளக் கல்கூட இல்லை. 1991இல் தன் பெயரைச் சொல்ல விரும்பாத ஒருவர் பணம் கொடுத்துக் கல் நட்டார். நடிகர் ராடி மெக்டவல்தான் அவர் என்பது பின்னால் தெரிந்தது. ‘பயோகிராஃப் கேர்ள், முதல் சினிமா நட்சத்திரம்’ என்று கல்லில் பொறித்திருக்கிறார்கள். பிறந்த வருஷம் 1890 என்று தப்பாக வெட்டியிருக்கிறார்கள்.

அவருடைய பயோகிராஃப் படங்கள் பதிப்புரிமை முடிந்தவை. இணையத்தில் காசில்லாமல் கிடைக்கின்றன. ‘ஹர் ஃபர்ஸ்ட் பிஸ்கட்ஸ்’ பார்க்கப் பத்து நிமிடம்கூட ஆகாது. வீட்டில் குழந்தைகள் இருந்தால் அவர்களையும் பக்கத்தில் உட்காரவைத்துக்கொள்ளுங்கள், சிரிப்பார்கள். திரையில் பெயரைத் தேட வேண்டாம், இருக்காது. பிஸ்கட்டைச் சுட்டுவிட்டு, புருஷன் வாயையே பார்த்துக்கொண்டு நிற்கிறாரே, அவர்தான் ஃப்ளோரன்ஸ் லாரன்ஸ்.